ஈகோ வேனுக்கு கியர் கேபிள் செட்: வாங்கி, வீட்டிலேயே மாட்டி, பத்து மாதம் ஓட்டிய பிறகு

பெங்களூர் கே.ஆர். மார்க்கெட்டில் விடிகாலை நாலரை மணி. பூ மூட்டை ஏற்றியாயிற்று, வண்டியை ரிவர்ஸ் எடுக்க வேண்டும். கியர் ராடை வலது ஓரம் தள்ளிக் கீழே இழுத்தேன், விழுந்தது, கிளட்சை விட்டேன். வண்டி பின்னால் போகவில்லை, முன்னால் ஒரு குதி குதித்து நின்றுவிட்டது. முன்னால் கூடையோடு நின்றிருந்த பூக்கார அம்மா ஒருவர் சட்டென்று விலகியதால் ஒன்றும் ஆகவில்லை. ரிவர்ஸ் விழ வேண்டிய இடத்தில் நாலாவது கியர் விழுந்திருக்கிறது. அதற்கு முந்தைய இரண்டு மாதமும் ‘கொஞ்சம் டைட்டா இருக்கு, பார்த்துக்கலாம்’ என்று தள்ளிப் போட்டுக்கொண்டே வந்தேன். அன்றைக்கு வீடு வந்து சேரும்வரை கை நடுங்கியது.

என்னுடையது 2015 மாடல் மாருதி ஈகோ. அல்சூரில் பூக்கடை, தினமும் மார்க்கெட்டுக்குப் போய்வர வேண்டும், முகூர்த்த நாளென்றால் ஓசூர் வரைக்கும்கூடப் போவேன். ஒரு லட்சத்து முப்பதாயிரம் கிலோமீட்டர் தாண்டிவிட்டது. வண்டி மேல் எனக்கு ஒரு குறையும் கிடையாது, இவ்வளவு சுமந்த பிறகு கேபிள் தேய்வது இயல்புதான். என் கோபமெல்லாம் அதற்கு முன்னால் மாட்டிய லோக்கல் செட் மேல். ஒரு ஷெட்டில் ‘இதுவும் அதேதான்’ என்று சொல்லி மாட்டினார்கள், ஏழு மாதத்தில் இந்த நிலைக்கு வந்துவிட்டது. ஆக, இப்போது எழுதுவது இரண்டாவது முறை வாங்கிய ஒரிஜினல் செட்டைப் பற்றியும், அதை நானே மாட்டி அட்ஜஸ்ட் செய்தது பற்றியும்.

இந்த வண்டிக்கு ஏன் கேபிள் என்று முதலில் புரிந்துகொண்டால் மற்றதெல்லாம் சுலபம். பழைய ஜீப்பில் கியர் ராடு நேராக கியர்பாக்ஸ் தலையிலேயே நட்டு வைத்ததுபோல இருக்கும். ஈகோவில் எஞ்சின் நம் சீட்டுக்கு அடியில், கியர்பாக்ஸ் அதற்கும் பின்னால். ராடோ நமக்கு முன்னால். அதனால் கை அசைப்பதை எஞ்சினைத் தாண்டிப் பின்னால் கொண்டுபோய்ச் சேர்க்க இரண்டு கேபிள் வேண்டியிருக்கிறது. ஒன்று ராடை இடம் வலமாகத் தள்ளுவதைக் கொண்டுபோகும், அது செலக்ட் கேபிள். இன்னொன்று முன்னும் பின்னும் போடுவதைக் கொண்டுபோகும், அது ஷிஃப்ட் கேபிள். சைக்கிள் பிரேக் கேபிள் மாதிரி இழுக்க மட்டும் இல்லை, இது இழுக்கவும் வேண்டும், தள்ளவும் வேண்டும். தள்ளும்போது வளையாமல் இருக்க வேண்டும் என்பதுதான் இதில் தரமே.

எந்தக் கேபிளில் கோளாறு என்று வண்டியே சொல்லிவிடும். முதல், இரண்டு, மூன்று, நாலு எல்லாம் சரியாக விழுந்து, வலது ஓரத்தில் இருக்கிற அஞ்சாவதும் ரிவர்ஸும் மட்டும் கிடைக்கவில்லை, அல்லது மூன்றாவதுக்கோ நாலாவதுக்கோ போய்விடுகிறது என்றால் செலக்ட் கேபிள். வரிசை சரியாகத்தான் கிடைக்கிறது, ஆனால் கியர் பாதிதான் விழுகிறது, ஆக்சிலேட்டரை விட்டதும் இரண்டாவது நழுவி நியூட்ரலுக்கு வருகிறது என்றால் ஷிஃப்ட் கேபிளைப் பாருங்கள். எனக்கு இரண்டும் இருந்தது. மேடு ஏறும்போது இரண்டாவதில் ராடைக் கையால் பிடித்துக்கொண்டேதான் ஓட்டினேன். அது ரொம்பத் தப்பு. பாதி விழுந்த கியர் பல்லைத் தேய்க்கும், கேபிளோடு போக வேண்டிய செலவு கியர்பாக்ஸ் வரைக்கும் போகும்.

ஒரு விஷயம், கேபிள் வாங்க ஓடும் முன் கிளட்சைப் பார்த்துவிடுங்கள். எஞ்சினை அணைத்துவிட்டு எல்லா கியரும் போட்டுப் பாருங்கள். அணைத்திருக்கும்போது வெண்ணெய் மாதிரி விழுந்து, ஓடும்போது மட்டும் கரகரவென்று சத்தத்தோடு முரண்டு பிடித்தால் கோளாறு பெரும்பாலும் கிளட்ச் பக்கம்தான், கியர் கேபிளை மாற்றினாலும் தீராது. அணைத்திருக்கும்போதும் விழவில்லை என்றால்தான் இந்தப் பக்கம் வர வேண்டும்.

அப்புறம் கடை. ஜே.சி. ரோடு, டவுன் ஹாலிலிருந்து மினர்வா சர்க்கிள் வரைக்கும் இரண்டு பக்கமும் ஸ்பேர் பார்ட்ஸ் கடைகள்தான், பெங்களூரில் வண்டி வைத்திருக்கிறவர்களுக்குச் சொல்லவே வேண்டாம். நான் போனது ஒரு சின்னக் கடை. கல்லாவில் இருந்த பெரியவர் நான் கன்னடத்தில் ஆரம்பித்ததும் என் பேச்சை வைத்தே கண்டுபிடித்துத் தமிழுக்கு மாறினார். ஆர்.சி. கார்டைக் கேட்டு வாங்கி சேசிஸ் நம்பரைப் பார்த்துத்தான் டப்பாவை எடுத்தார், மாடலுக்கு மாடல் நீளம் மாறும் என்றார். நான் பழைய லோக்கல் செட்டில் ஒரு கேபிளைக் கழற்றி எடுத்துப் போயிருந்தேன். இரண்டையும் மேஜைமேல் வைத்து ஒவ்வொன்றையும் பெரிய வளையமாக வளைத்துக் கையில் கொடுத்தார்.

‘இப்ப உள்கம்பியைத் தள்ளுங்க, தம்பி.’

பழையது சொரசொரவென்று விட்டு விட்டு நகர்ந்தது, நடுவில் ஒரு இடத்தில் பிடித்துக்கொண்டது. புதியதில் சுண்டுவிரலால் தள்ளினாலே அந்த முனை வெளியே வந்தது, சத்தமே இல்லை. பிறகு முனையைக் காட்டினார். லோக்கலில், கியர்பாக்ஸில் நீட்டிக்கொண்டிருக்கும் முள்ளில் மாட்டுகிற ஓட்டைக்குள் இருக்கும் புஷ், அதாவது அந்தச் சின்ன வளையம், வட்டமாக இல்லை, முட்டை வடிவத்துக்குப் போய்விட்டது, நகத்தால் அழுத்தினால் அமுங்கியது. ‘எல்லாரும் கேபிள் நீண்டு போச்சுன்னு சொல்வாங்க, இரும்பு அவ்வளவு சீக்கிரம் நீளாது, தேயறது இந்தப் புஷ்ஷும் உள்ளே இருக்கிற பிளாஸ்டிக் குழாயும்தான்’ என்றார். எனக்கு இந்த ஒரு வாக்கியத்துக்காகவே அந்தக் கடைக்கு மறுபடி போகலாம் என்று தோன்றியது. லோக்கலைவிட ஏறக்குறைய இரண்டு மடங்கு விலைதான், மறைக்கவில்லை. ஆனால் ஏழு மாதத்துக்கு ஒரு முறை வண்டிக்கு அடியில் படுக்கும் நேரத்தையும் அந்த விடிகாலை பயத்தையும் கணக்குப் போட்டால் இதுதான் மலிவு. குறை ஒன்று உண்டு. என் டப்பாவில் கேபிளைத் தவிர ஒன்றும் இல்லை, கிளிப்பும், முனை கழன்றுவிடாமல் குத்துகிற காட்டர் பின்னும் தனியாக வாங்க வேண்டியிருந்தது, எப்படி மாட்டுவது என்று ஒரு துண்டுச் சீட்டுகூட இல்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை, தெருவில் சமமான இடமாகப் பார்த்து வண்டியை நிறுத்தினேன். பின் சக்கரங்களுக்கு முன்னும் பின்னும் கல், ஹேண்ட் பிரேக், முன்பக்கத்தை ஜாக்கில் தூக்கி இரண்டு பக்கமும் ஸ்டாண்ட். வெறும் ஜாக்கை நம்பி யாரும் அடியில் படுக்காதீர்கள், இதை நான் சும்மா சொல்லவில்லை. எஞ்சின் ஆறியிருக்க வேண்டும், சைலன்சர் பைப் கைக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. என் மனைவியின் தம்பி உதவிக்கு வந்திருந்தான், அவன் டிரைவர் சீட்டில், நான் அடியில்.

கடைக்கு எடுத்துப்போகப் பழைய கேபிளைக் கழற்றும் முன்பே அது போகிற வழியை போனில் நாலைந்து படம் எடுத்திருந்தேன், கேபிளை அதன் இடத்தில் பூட்டுகிற லாக் நட்டுக்கு வெளியே எத்தனை மரை தெரிகிறது என்றும் எண்ணி வைத்திருந்தேன். அது அப்படியே புதியதுக்குப் பொருந்தாது, ஆனால் எங்கிருந்து தொடங்குவது என்று ஒரு பிடி கிடைக்கும். மிச்சமிருந்த கேபிளையும் கியர்பாக்ஸ் பக்கம் கழற்றியதும், அங்கே கேபிள் அசைக்கிற கையை, அதாவது லீவரை, நானே விரலால் அசைத்துப் பார்த்தேன். எல்லாக் கியரும் ‘டக் டக்’ என்று சுத்தமாக விழுந்தது. மனசுக்கு அவ்வளவு நிம்மதி. கோளாறு பெட்டிக்குள் இல்லை. இதை மட்டும் செய்யாமல் யார் சொன்னாலும் கியர்பாக்ஸை இறக்கச் சம்மதிக்காதீர்கள்.

மாட்டுவது பெரிய வேலை இல்லை, வந்த வழியிலேயே போக வேண்டும், முறுக்கிக்கொள்ளக் கூடாது, எங்கும் மடிந்து நிற்கக் கூடாது, சைலன்சரிலிருந்து தள்ளி இருக்க வேண்டும், அவ்வளவுதான். அட்ஜஸ்ட்மெண்ட்தான் விஷயம். பலரும் ராடை நேராக நிற்க வைத்துவிட்டு அதற்கேற்ப கேபிளை இழுத்து முறுக்குகிறார்கள். இது தலைகீழ் வேலை. முதலில் கியர்பாக்ஸ் நியூட்ரலில் தானாக எங்கே நிற்கிறதோ அங்கே நிற்கட்டும். உள்ளே ஸ்பிரிங் இருக்கிறது, அது மூன்றாவதுக்கும் நாலாவதுக்கும் நடுவில் கொண்டுவந்து நிறுத்தும். ராடும் அதே போல நியூட்ரலில் தானாக நிற்கட்டும். இரண்டு பக்கமும் ஓய்வாக இருக்கும்போது, கேபிளின் முனை கியர்பாக்ஸ் முள்ளில் இழுக்காமல், தள்ளாமல் தானாக இறங்க வேண்டும். இறங்கவில்லை என்றால் நட்டைத் திருப்பிக் கேபிளைத்தான் நகர்த்த வேண்டும்.

முதல் முறை எனக்குச் சரியாகவே வரவில்லை. அரைச் சுற்று, அரைச் சுற்றாகத் திருப்பி முனையை முள்ளுக்கு நேராகக் கொண்டுவருவேன், மாட்டுவேன், வெளியே வந்து பார்த்தால் ராடு இடது பக்கம் சாய்ந்திருக்கும். மூன்று முறை இப்படி. அப்புறம்தான் எட்டிப் பார்த்தால் என் மச்சினன் ராடின் மேல் கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான்.

‘மாப்ள, அதைப் பிடிக்காதே, விட்டுடு.’

‘ஆடக் கூடாதுன்னுதான் மாமா பிடிச்சிருக்கேன்.’

கையின் பாரத்திலேயே அது ஒரு விரல்கடை தள்ளி நின்றிருக்கிறது. அவன் கையை எடுத்ததும் நாலாவது முறையில் முனை வளையல் மாதிரி முள்ளில் இறங்கியது. செலக்ட் கேபிளை முதலில் முடித்து, பிறகு ஷிஃப்ட். லாக் நட்டை இறுக்கும்போது ஒரு ஸ்பேனரால் உள் நட்டைப் பிடித்துக்கொண்டு இன்னொன்றால் இறுக்குங்கள், இல்லாவிட்டால் நட்டோடு கேபிளும் சேர்ந்து திரும்பிவிடும், பட்ட பாடெல்லாம் வீண்.

பிறகு சோதனை. எஞ்சின் அணைந்தே இருக்க, அவன் ஒவ்வொரு கியராகப் பெயர் சொல்லிப் போட, நான் கீழே கியர்பாக்ஸின் கை கடைசிவரை போகிறதா என்று பார்த்தேன். கியர் விழுந்த பிறகும் ராடில் அதே திசையில் ஒரு துளி ஆட்டம் மிச்சம் இருக்க வேண்டும். மிச்சமே இல்லாமல் முட்டிக்கொண்டு நின்றால், ராடு தன் எல்லையில் இடித்து நின்றுவிட்டது, கியர் இன்னும் முழுதாக விழவில்லை என்று அர்த்தம். எனக்கு இரண்டாவதில் அப்படி இருந்தது. ஷிஃப்ட் கேபிளில் இன்னும் ஒரு அரைச் சுற்று. அந்த அரைச் சுற்றுதான் இத்தனை நாளாக நான் கையால் பிடித்துக்கொண்டு ஓட்டிய இரண்டாவது கியர்.

ஸ்டாண்டை எடுத்து, அல்சூர் ஏரியைச் சுற்றி ஒரு ரவுண்டு, பிறகு டிரினிட்டி சர்க்கிள் வரை. ரிவர்ஸைப் பத்து முறையாவது போட்டுப் பார்த்திருப்பேன். முதல் வாரம் ராடு கொஞ்சம் கெட்டியாகத்தான் இருந்தது, பிறகு இளகிவிட்டது. ஒரு வாரம் கழித்து மறுபடி லாக் நட்டைத் தொட்டுப் பார்த்தேன், அசையவில்லை. பத்து மாதம், ஒரு முழு மழைக்காலம், சில்க் போர்டு நெரிசலில் முதல் கியர், இரண்டாவது, நியூட்ரல் என்று மாறி மாறி எத்தனை ஆயிரம் முறை போட்டிருப்பேனோ, இன்றுவரை ஒரு முறைகூடத் தவறிய கியர் விழவில்லை. அஞ்சுக்கு நாலரை கொடுப்பேன், அந்த அரையைக் கிளிப்புக்காகப் பிடித்துக்கொள்கிறேன்.

கேபிள் முனையை மூடியிருக்கிற ரப்பர் பூட் கிழிந்தால் உடனே மாற்றுங்கள், அது வழியாகத் தண்ணீர் இறங்கினால் எந்தக் கேபிளும் நிற்காது. டைட்டாகிவிட்டது என்று மண்ணெண்ணெயோ டீசலோ ஊற்றச் சொல்பவர்கள் இருக்கிறார்கள், கேட்காதீர்கள், உள்ளே இருக்கிற கிரீஸையும் கழுவிவிடும், இரண்டு நாள் இளகும், அப்புறம் முன்னைவிட மோசமாகும்.

வண்டிக்கு அடியில் படுத்துப் பழக்கம் இல்லாதவர்கள் கேபிளை மட்டும் நீங்களே வாங்கிக்கொண்டு நம்பிக்கையான மெக்கானிக்கிடம் கொடுங்கள், அட்ஜஸ்ட் செய்யும்போது பக்கத்தில் நின்று, ராடை யாரும் பிடிக்காமல் பார்த்துக்கொள்ளுங்கள். ஜே.சி. ரோட்டில் ஞாயிற்றுக்கிழமை பெரும்பாலான கடைகள் மூடியிருக்கும், சனிக்கிழமையே போய்விடுங்கள், ஆர்.சி. கார்டையும் பழைய கேபிளையும் எடுத்துக்கொண்டு. வண்டியை அங்கே நிறுத்த இடம் கிடைக்காது, பஸ்ஸில் போவதுதான் நல்லது.