கிரீப் பெண்களுக்கு வாசல் திறக்கும் ஏபிடிஎன்

கனடாவின் வின்னிபெக் நகரைத் தலைமையிடமாகக் கொண்டு 1999 செப்டம்பர் 1 முதல் இயங்கும் பழங்குடியினர் தொலைக்காட்சியான ஏபிடிஎன், தொலைக்காட்சியில் காலூன்ற விரும்பும், கனடாவின் பழங்குடிகளுள் ஒன்றான கிரீ இனப் பெண்களுக்கு நான் தயங்காமல் பரிந்துரைக்கும் அலைவரிசை. கனடாவின் ஒளிபரப்பு ஒழுங்குமுறை ஆணையம் இதை அடிப்படைத் தொகுப்பிலேயே வழங்கக் கேபிள் நிறுவனங்களைக் கட்டாயப்படுத்தியிருப்பதால், புதியவரின் முதல் படைப்பும் நாடெங்கும் சென்று சேர்கிறது.

மெட்டி (பழங்குடி-ஐரோப்பியக் கலப்பு மரபினர்), கிரீ ஆகிய இரு இன வழிவந்த இயக்குநர் லொரெட்டா டாட் உருவாக்கி ஏபிடிஎன்னில் ஒளிபரப்பான, கிரீ மொழி கற்பிக்கும் சிறுவர் தொடர் என்னை மிகவும் கவர்ந்தது. அதில் பாடம் என்ற இறுக்கமே இல்லாமல், அத்தை ஒருவர் பிள்ளைகளோடு பேசியும் பாடியும் சொற்களைப் பழக்குகிறார். டாட் பின்னாளில் வான்கூவரில் பழங்குடியினருக்கு மெய்நிகர் ஊடகப் பயிற்சி தரும் ஐஎம்4 ஆய்வகத்தையும் முன்னின்று உருவாக்கினார். தொலைக்காட்சியிலிருந்து டிஜிட்டல் ஊடகத்துக்கு இது அருமையான பாதை.

மாலை நேரத்தில் ஆங்கிலத்தைக் குறைத்துக் கிரீ மொழி நிகழ்ச்சிகளைக் கூட்டினால் இன்னும் மகிழ்வேன்.