ஒரே மதிப்பெண், இரண்டு பாதை: டியோக்னோவா, சலோங்காவா?

1944. பிலிப்பைன்ஸ் தலைநகர் மணிலா ஜப்பானியப் படையின் பிடியில் இருந்தது. அந்த வருடம் நடந்த வழக்கறிஞர் தகுதித் தேர்வில் இரண்டு பேர் முதலிடத்தைப் பங்கிட்டுக்கொண்டார்கள். இருவருக்கும் 95.3 சதவீதம். ஒருவர் ஹோசே டியோக்னோ, வயது 22. சட்டப் படிப்பைப் போர் பாதியில் நிறுத்திவிட்டதால், உச்ச நீதிமன்றத்திடம் தனி அனுமதி வாங்கித் தேர்வு எழுதியவர். இன்னொருவர் ஹொவிட்டோ சலோங்கா. ஜப்பானியரை எதிர்த்ததற்காக 1942-இல் பிடிபட்டு, சித்திரவதைப்பட்டு, 15 வருடக் கடுங்காவல் தண்டனை பெற்று, மறு வருடம் மன்னிப்பில் வெளியே வந்தவர்.

பிறகு இருவரும் செனட்டர் ஆனார்கள். இருவரும் சர்வாதிகாரியாக ஆண்ட அதிபர் ஃபெர்டினாண்ட் மார்கோஸை எதிர்த்தார்கள், இருவரும் சிறைக்குப் போனார்கள். பிலிப்பைன்ஸ் மக்கள் ஒருவரை 'கா பெப்பே' என்றும் மற்றவரை 'கா ஹோவி' என்றும் அழைத்தார்கள். அந்தக் 'கா', உடன்பிறப்பு என்று பொருள்படும் 'கபாத்தித்' என்ற சொல்லின் சுருக்கம்.

இவ்வளவு ஒற்றுமை இருந்தும், எதிர்க்கட்சி அரசியலில் இருவரும் நம்பியது வேறு வேறு. டியோக்னோவுக்குப் பதவி எப்போது வேண்டுமானாலும் கழற்றிப் போடக்கூடிய சட்டை. சலோங்காவுக்குப் பதவி ஒரு கருவி, கையில் கிடைத்தால் விடக்கூடாது. சட்டத்தையே ஆயுதமாக்கும் ஆட்சிக்கு முன்னால் எந்த வழி எடுபட்டது என்பதுதான் எனக்கு இருக்கும் கேள்வி. அவர்கள் எதிர்த்த மார்கோஸும் லேசுப்பட்டவர் இல்லை. ஒரு கொலை வழக்கில் சிக்கியிருந்தபோதே 1939 வழக்கறிஞர் தேர்வில் முதலிடம் பிடித்து, அந்த வழக்கில் தனக்குத் தானே வாதாடி உச்ச நீதிமன்றத்தில் விடுதலையானவர் அவர். அதாவது இந்தக் கதையில் மூன்று பேருமே சட்டத்தில் கரை கண்டவர்கள்.

பிறப்பில் இருவருக்கும் தூரம் அதிகம். டியோக்னோவின் அப்பா ரமோன் டியோக்னோ செனட்டராகவும் பின்னர் உச்ச நீதிமன்ற நீதிபதியாகவும் இருந்தவர். மகன் சட்டத்துக்கு முன்பே கணக்காளர் தேர்விலும் முதலிடம் வாங்கிவிட்டார். சலோங்கா பாசிக் ஊரில் ஒரு புராட்டஸ்டண்ட் போதகரின் மகன், அம்மா சந்தையில் வியாபாரம் செய்தவர். ஹார்வர்டு, யேல் என்று படித்துத் திரும்பி, 1961-இல் ரிசால் மாகாணத்தில் இரண்டு பெரிய அரசியல் குடும்பங்களைத் தோற்கடித்துக் கீழவைக்குள் நுழைந்தார்.

டியோக்னோவை நாடு அறிந்தது தேர்தலால் அல்ல, ஒரு சோதனையால். 1962-இல் அவர் அதிபர் மக்கபகாலின் நீதித்துறைச் செயலர். ஹாரி ஸ்டோன்ஹில் என்ற அமெரிக்கர் புகையிலையில் தொடங்கி ஒரு பெரிய வணிக சாம்ராஜ்யத்தை நடத்திவந்தார். அரசியல்வாதிகள் பலர் அவருடைய கைக்குள் என்று பேச்சு. மார்ச் மாதம் டியோக்னோ 42 சோதனை ஆணைகளை வாங்கி, அவருடைய அலுவலகங்களிலும் வீடுகளிலும் ஆட்களை இறக்கினார். இரண்டே மாதத்தில் டியோக்னோவின் பதவி போனது. ஸ்டோன்ஹில் வழக்கைச் சந்திக்காமலேயே நாடு கடத்தப்பட்டார். லஞ்சம் கொடுத்தவரை அனுப்பிவிட்டு, வாங்கியவர் மீது எப்படி வழக்கு நடத்தப் போகிறீர்கள் என்று டியோக்னோ கேட்டார். அடுத்த வருடமே மக்கள் அவரைச் செனட்டுக்கு அனுப்பினார்கள்.

இந்தக் கதைக்கு ஒரு வால் உண்டு, டியோக்னோவின் ரசிகர்கள் அதை அதிகம் சொல்வதில்லை. 1967-இல் உச்ச நீதிமன்றம், அந்த ஆணைகள் எதைத் தேடுகிறோம் என்று குறிப்பாகச் சொல்லாத பொத்தாம்பொது ஆணைகள், வீடுகளில் எடுத்த ஆவணங்களைச் சாட்சியமாக வைக்க முடியாது என்று தீர்ப்பளித்தது. அரசமைப்புக்கு விரோதமாகக் கைப்பற்றியது நீதிமன்றத்தில் செல்லாது என்ற விதி அந்த நாட்டில் ஊன்றியது இந்த வழக்கில்தான். பிற்காலத்தில் மனித உரிமையின் முகமாக ஆனவரின் பெயர், தனிமனித உரிமையை அரசு மீறியதற்கான பாட வழக்கில் எதிர்மனுதாரராக நிற்கிறது. இதை நான் குறையாகச் சொல்லவில்லை. அதிகாரம் கையில் இருந்தபோது அவரும் அவசரப்பட்டார், அவ்வளவுதான்.

இதற்கு நேரெதிராக, சலோங்காவின் அவசரமின்மைக்கு உதாரணம் மணிலாவின் பிளாசா மிராண்டா சதுக்கத்தில் நடந்தது. பிலிப்பைன்ஸ் செனட்டில் 24 இடங்கள். தொகுதி கிடையாது, முழு நாடும் ஒரே தொகுதி. எனவே முதலிடம் பிடிப்பது என்றால் நாடே ஒருவரை முன்னால் நிறுத்துகிறது என்று பொருள். சலோங்கா 1965-இல் முதலிடம் வாங்கியிருந்தார். 1971 ஆகஸ்ட் 21 இரவு, அங்கே சலோங்காவின் எதிர்க்கட்சியான லிபரல் கட்சியின் பொதுக்கூட்ட மேடை மீது இரண்டு கையெறி குண்டுகள் விழுந்தன. 9 பேர் இறந்தார்கள், ஏறக்குறைய 100 பேர் காயம். சலோங்காவுக்கு ஒரு கண் பார்வை போனது, ஒரு காது கேட்காமல் போனது, உலோகத் துண்டுகள் கடைசி வரை உடம்பிலேயே இருந்தன. அந்த நவம்பரில் தேர்தலுக்கு வந்த எட்டு செனட் இடங்களில் ஆறை லிபரல்கள் பிடித்தார்கள். முதலிடம் மறுபடியும் சலோங்காவுக்கே.

மார்கோஸ் குண்டுவெடிப்பைக் காரணம் காட்டி ஆட்கொணர்வு உரிமையை நிறுத்திவைத்தார். டியோக்னோ அப்போது மார்கோஸின் நேஷனலிஸ்டா கட்சிக்காரர். அதே மாதம் கட்சியிலிருந்து விலகினார். ஆளுங்கட்சி செனட்டர் எதிர்க்கட்சி ஆனது அப்படித்தான். ஆனால் குண்டு வைத்தது யார் என்பதில், உடம்பில் அதன் துண்டுகளைச் சுமந்தவர் வேறு முடிவுக்கு வந்தார். மார்கோஸ்தான் என்று நாடே நம்பிய நிலையில், கம்யூனிஸ்ட் கட்சித் தலைவர் ஹோசே மரியா சிசோனின் வேலை இது என்று பின்னாளில் தான் நம்புவதாகச் சலோங்கா வெளிப்படையாகச் சொன்னார். சிசோன் மறுத்தார். யார் சொன்னது சரி என்பது இங்கே பேச்சில்லை. தன் எதிரிக்குச் சாதகமான ஒரு முடிவை, அதுவும் தன் உடம்பைச் சிதைத்த வழக்கில், சொல்ல ஒரு நீதிபதியின் மனம் வேண்டும்.

சரி, 1972 செப்டம்பரில் மார்கோஸ் கொண்டுவந்த ராணுவச் சட்டத்துக்கு வருவோம். இருவரையும் உரசிப் பார்க்கும் இடம் இதுதான்.

1972 செப்டம்பர் 23 அதிகாலை டியோக்னோவைப் பிடித்துக்கொண்டு போனார்கள். குற்றச்சாட்டு எதுவும் இல்லை. மறு வருடம் அவரையும் இன்னொரு எதிர்க்கட்சி செனட்டரான நினாய் அகினோவையும் நுயேவா எசிஹா மாகாணத்தில் இருக்கும் லவுர் முகாமுக்குக் கொண்டுபோய்த் தனித்தனி அறையில் ஒரு மாதம் அடைத்தார்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்க முடியாது. ஒருவர் பாடுவார், மற்றவரிடமிருந்து பதில் பாட்டு வந்தால் ஆள் இன்னும் உயிரோடு இருக்கிறார் என்று அர்த்தம்.

வெளியே அவர்களுக்கான ஆட்கொணர்வு மனு உச்ச நீதிமன்றத்தில் தூங்கிக்கொண்டிருந்தது. 1973 டிசம்பரில் டியோக்னோ எதிர்பாராத ஒன்றைச் செய்தார், தன் மனுவைத் திரும்பப் பெறக் கேட்டார். அவர் வாதம் எளிமையானது: நான் மனு போட்டது பழைய அரசமைப்பின் கீழ் இருந்த நீதிமன்றத்தில். நீங்களோ மார்கோஸின் புதிய அரசமைப்பின் மேல் புதிதாக உறுதிமொழி எடுத்துவிட்டீர்கள். இது வேறு நீதிமன்றம், இங்கே எனக்கு நியாயம் கிடைக்கும் என்று நம்ப வழியில்லை. வாதாடியே பேர் வாங்கிய ஒருவர், வாதாட மறுப்பதையே வாதமாக வைத்தார். 1974 செப்டம்பர் 11 அன்று, ஏறக்குறைய இரண்டு வருடத்துக்குப் பிறகு, பிடித்ததைப் போலவே காரணம் சொல்லாமல் விட்டுவிட்டார்கள். ஆறு நாள் கழித்து, மற்றவர்களின் மனுக்களை நீதிமன்றம் தள்ளிவிட்டது.

அவருக்கு முன்னால் அப்போது பதவி இல்லை, செனட் இல்லை. செனட்டையே மூடியாகிவிட்டது. நம்பிக்கை இல்லை என்று சொன்ன அதே நீதிமன்றங்களுக்கு அவர் திரும்பிப் போனார், ஆனால் இந்த முறை அடுத்தவர்களுக்காக. அந்த வருடமே வழக்கறிஞர்கள் லொரென்சோ தன்யாடா, ஜோக்கர் அரோயோ ஆகியோருடன் 'ஃபிளாக்' என்ற இலவச சட்ட உதவிக் குழுவைத் தொடங்கினார். கைதான தொழிலாளிக்கும், நிலம் பறிபோன விவசாயிக்கும், காணாமல் போன மாணவரின் தாய்க்கும் காசு வாங்காத வக்கீல்கள். இலவசம் என்பது மட்டும் அதன் சிறப்பு இல்லை. ஒருவர் வழக்கை ஜெயித்துக் கொடுத்து அனுப்புவது தருமம், அந்த அநியாயத்தை உண்டாக்கும் சட்டத்தை எதிர்க்கப் பாதிக்கப்பட்டவர்களையே அணிதிரட்டுவதுதான் வக்கீல் வேலை என்பது டியோக்னோவின் கோட்பாடு.

சலோங்காவும் சும்மா இருக்கவில்லை. அவர் அலுவலகமும் அரசியல் கைதிகளுக்காக வாதாடியது. 1980-இல் மணிலாவில் ஒரு விடுதி அறையில், அமெரிக்காவிலிருந்து வந்த ஒருவரின் கையிலேயே குண்டு வெடித்தது. அந்த ஆள் சலோங்காவின் வீட்டுக்கு வந்துபோனவர், கலிஃபோர்னியாவில் ஒரு பிறந்தநாள் விழாவில் எடுத்த கூட்டுப் படத்தில் சலோங்காவும் இருக்கிறார். இதுதான் சாட்சியம். கைது செய்தார்கள், குற்றம் சாட்டாமல் அடைத்தார்கள், பிறகு விட்டார்கள். 1981-இல் சிகிச்சைக்கென்று அமெரிக்கா போனவர் 1985 ஜனவரி வரை அங்கேயே இருக்கும்படி ஆனது. டியோக்னோ நாட்டிலேயே நின்று போராடினார் என்று இருவரையும் ஒப்பிட்டுச் சலோங்காவைக் குத்துவது எனக்குப் பிடிக்கவில்லை. பாதி உடம்பில் உலோகத்தோடு இருக்கும் மனிதரிடம் சிறையை ஏன் தேர்ந்தெடுக்கவில்லை என்று கேட்பது அராஜகம்.

அவர் மேல் போட்ட தேசவிரோத வழக்கில் உச்ச நீதிமன்றம் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பைத் தயார் செய்துகொண்டிருந்தபோது, அரசு முந்திக்கொண்டு வழக்கைக் கைவிட்டது. தீர்ப்பே வராமல் போகட்டும் என்ற கணக்கு. நீதிமன்றம் ஏமாறவில்லை. வழக்கு பயனற்றுப் போய்விட்டது என்று சொல்லிவிட்டு, அடுத்தவர்களுக்கும் உதவட்டும் என்று 1985 பிப்ரவரியில் தன் கருத்தை விரிவாக எழுதியது. வீட்டுக்கு வந்தார், படத்தில் நின்றார் என்பதற்காக ஒருவரை விசாரணைக்கு இழுக்க முடியாது. இங்கேதான் எனக்குச் சிக்கல். டியோக்னோ கைவிட்ட நீதிமன்றம் அதே மார்கோஸின் காலத்திலேயே சலோங்காவுக்கு நியாயம் பேசியது. அப்படியானால் டியோக்னோ தவறா? 1973-இல் தவறில்லை. 1985-க்குள், நினாய் அகினோ கொல்லப்பட்டதை அடுத்து, மார்கோஸ் ஆட்டம் கண்டிருந்தார், நீதிபதிகளுக்கும் கொஞ்சம் மூச்சு வந்திருந்தது. காற்றடிக்கும் திசையை மாற்றியது தெருவில் நின்ற கூட்டம், அந்தக் கூட்டத்தில் டியோக்னோவும் தன்யாடாவும் முன்வரிசை.

1986-இல் மார்கோஸ் ஓடினார், நினாயின் மனைவி கொரி அகினோ அதிபராக வந்தார். இருவருக்கும் வேலை கொடுத்தார். டியோக்னோவுக்கு மனித உரிமைக் குழுவின் தலைமையும், கம்யூனிஸ்டுகளோடு பேசும் சமாதானக் குழுவின் தலைமையும். நுரையீரல் புற்றுநோய் ஏற்கெனவே தின்றுகொண்டிருந்தது. 1987 ஜனவரி 22 அன்று நிலச் சீர்திருத்தம் கேட்டு மெண்டியோலா பாலத்துக்கு வந்த விவசாயிகளைப் பாதுகாப்புப் படைகள் சுட்டன. டியோக்னோ இரண்டு பதவியிலிருந்தும் விலகினார். தான் ஆதரித்த ஆட்சி என்ற தயக்கம் இல்லை. பிப்ரவரி 27 அன்று, 65-வது பிறந்தநாளுக்கு மறுநாள், இறந்துபோனார்.

சலோங்காவுக்கு வந்தது மார்கோஸ் குடும்பம் சேர்த்த சொத்தைத் தேடி மீட்கும் ஆணையம், கொரியின் முதல் நிர்வாக ஆணையிலேயே அமைக்கப்பட்டது. சில வாரங்களில் ஸ்விஸ் அரசு மார்கோஸின் கணக்குகளை முடக்கியது. 1987-இல் மூன்றாம் முறை செனட்டில் முதலிடம் பிடித்து, அவைத் தலைவரானார். அரசு ஊழியர் நன்னடத்தைச் சட்டம், கொள்ளையடிக்கும் அதிகாரிகளைத் தண்டிக்கும் சட்டம் எல்லாம் அவர் பேரில் வந்தவை.

1991 செப்டம்பர் 16. சுபிக் கடற்படைத் தளத்தை இன்னும் பத்து வருடத்துக்கு அமெரிக்காவுக்குக் கொடுக்கும் ஒப்பந்தம் செனட்டில். அதிபர் கொரி ஒப்பந்தத்துக்கு ஆதரவாக ஊர்வலமே போயிருந்தார். 12-க்கு 11 என்று ஒப்பந்தம் தோற்றது, அவைத் தலைவரும் எதிர்த்தே வாக்களித்தார். 1983-இல் தளங்களுக்கு எதிரான கூட்டணியைத் தொடங்கியவர் டியோக்னோ. அவர் அன்று இல்லை. 93 வயதுத் தன்யாடா மட்டும் சக்கர நாற்காலியில் வந்திருந்தார்.

அதற்கான விலையைச் சலோங்கா கொடுத்தார். சில மாதங்களில் அவைத் தலைவர் பதவி போனது. 1992 அதிபர் தேர்தலில் ஏழு பேரில் ஆறாவதாக வந்தார், சுமார் 10 சதவீத ஓட்டு. ஐந்தாவதாக, அவரைவிட ஒரு மயிரிழை மேலே, மார்கோஸின் மனைவி இமெல்டா. தேர்தலை நம்பியவருக்குத் தேர்தல் செய்த உபகாரம் இது.

யார் பெரியவர் என்று கேட்டால் என் ஓட்டு டியோக்னோவுக்கு. யாரால் அதிகம் நடந்தது என்று கேட்டால் சலோங்காவுக்கு. அப்படிச் சொன்னாலும் கணக்கு சுத்தமாகப் பிரியவில்லை. 2003-இல் உச்ச நீதிமன்றம், ஸ்விஸ் வங்கிகளில் இருந்த 65 கோடியே 80 லட்சம் டாலரை அரசுக்குச் சொந்தமாக்கியது, சலோங்கா தொடங்கிவைத்த தேடலில் கிடைத்த பணம். 2013-இல் வந்த சட்டம் அதிலிருந்து 1,000 கோடி பேசோவை ராணுவச் சட்டத்தில் வதைபட்டவர்களுக்கு ஒதுக்கியது. அங்கீகரிக்கப்பட்டவர்கள் 11,103 பேர். டியோக்னோவின் வக்கீல்கள் யாருக்காக நீதிமன்றப் படி ஏறினார்களோ, அதே வகை ஆட்கள்.

கேசோன் நகரில் அந்தக் காலத்துத் தியாகிகளுக்காக 'பந்தாயோக்' என்றொரு நினைவிடம் இருக்கிறது. அதன் அறக்கட்டளைக்குப் பல வருடம் தலைவராக இருந்தவர் சலோங்கா. அங்கே இருக்கும் கறுப்புக் கிரானைட் சுவரில் டியோக்னோவின் பெயரும் செதுக்கப்பட்டிருக்கிறது.