தாள் கணக்கா, மாதச் சம்பளமா: அனிமே ஓவியர் முன்னால் இரண்டு வழிகள்

ஜப்பானில் அனிமே, அதாவது அந்நாட்டு அசைபடம், வரைய வருகிறவர்கள் பெரும்பாலும் டோகாவில்தான் தொடங்குகிறார்கள். ஓர் அசைவின் முக்கிய நிலைகளை மூத்த ஓவியர் வரைந்து தருவார், அது கெங்கா. அவற்றுக்கு நடுவில் வரும் படங்களைக் கோடு பிசகாமல் வரைந்து நிரப்புவது டோகா. பின்னாளில் புகழ்பெற்ற இயக்குநரான ஹயாவோ மியாசாகி 1963-இல் டோயெய் நிறுவனத்தில் சேர்ந்தபோது அவருக்கும் இதே வேலைதான். வேலை எல்லோருக்கும் ஒன்று. கூலி வரும் விதத்தில்தான் வழி பிரிகிறது.

டோக்கியோவின் சுகினாமி, நெரிமா பக்கம் நெருக்கமாக இருக்கும் ஸ்டூடியோக்களில் தாள் கணக்குதான் நெடுங்கால வழக்கம்: ஓவியர் சுயேச்சையாக வேலை செய்வார், வரைந்த தாளுக்குத்தான் காசு. டோகா ஒன்றுக்குச் சுமார் 200 யென். மாதம் 500 தாள் முடித்தால்கூட ஒரு லட்சம் யென்தான். பெருங்கூட்டம் ஓடிவரும் காட்சி கையில் விழுந்தால் ஒரு தாளிலேயே பல மணி நேரம் போய்விடும். கூலி பெரிதாக ஏறாது. அனிமே கலைஞர்களின் அமைப்பான ஜானிகா 2015-இல் வெளியிட்ட ஆய்வில், டோகா ஓவியரின் சராசரி ஆண்டு வருமானம் 11 லட்சம் யென் அளவில்தான் இருந்தது. வீட்டிலிருந்து பணம் வராதவர் இதில் எத்தனை மாதம் தாக்குப்பிடிப்பார்? திறமை வெளிப்படும் முன்பே கிளம்பிவிடுகிறவர்களை நினைத்தால் எனக்கு ஆறவே இல்லை.

கியோட்டோ அனிமேஷன் வேறு வழியில் போனது. 1981-இல் யோகோ ஹத்தா தொடங்கியபோது, மற்ற ஸ்டூடியோக்களுக்கு வண்ணம் பூசித்தரும் சிறு பட்டறை அது. பின்னர் உஜி நகரில் வேரூன்றி, ஓவியர்களை மாதச் சம்பளத்துக்கு வைத்துக்கொண்டது. சொந்தமாகப் பயிற்சிப் பள்ளியும் நடத்துகிறது. ‘அகிரா’ படத்துக்குக் கெங்கா வரைந்த யோஷிஜி கிகாமி, டோக்கியோவை விட்டு அங்கே போய், இளையவர்களுக்குக் கற்றுக்கொடுப்பதில் பல ஆண்டுகளைக் கொடுத்தார். சம்பளத்தைவிட இதைத்தான் நான் பெரிதாக மதிக்கிறேன். தாள் கணக்கில் உழைக்கும் மூத்தவர் பக்கத்து மேசைக்கு எழுந்து போனால், அந்த நேரத்துக்கு அவருக்குக் காசு இல்லை. சம்பளக்காரர் தயங்காமல் போய்த் திருத்தலாம். டோகாவில் சேர்ந்த நவோகோ யமடா, 2009-இல் ஒரு தொடரையே இயக்கும் இடத்துக்கு வந்தது இந்தச் சூழலில்தான்.

ஆனால் சம்பள வழி அகலமானதல்ல. இடங்கள் குறைவு, ஸ்டூடியோ எடுக்கும் கதையைத்தான் வரைய வேண்டும். நிரந்தரம் என்று நம்பவும் முடியாது. மியாசாகியின் ஸ்டூடியோவான கிப்லி 1989 வாக்கில் ஓவியர்களைப் பணியாளர்களாக்கிப் பயிற்சி தந்தது. 2014-இல் தயாரிப்புப் பிரிவையே கலைத்துவிட்டது.

கை தேறியவருக்குச் சுயேச்சை வழி நிஜமான வரம். கெங்காவில் பெயர் எடுத்தவரைத் தக்கவைக்க, ஸ்டூடியோக்கள் ‘கோசோகு’ என்று மாதம் ஒரு தொகை கட்டும். பிடித்த படத்துக்குப் போகலாம், பிடித்த இயக்குநரோடு சேரலாம். 2023-இல் வெளிவந்த மியாசாகியின் படத்துக்கு ஓவிய இயக்குநராக இருந்த தாகெஷி ஹோண்டா கிப்லிக்கு வெளியே வளர்ந்தவர்தான். 2024 நவம்பரில் அமலான சுயேச்சைப் பணியாளர் சட்டம், நிபந்தனைகளை எழுத்தில் தரவும், முடித்த வேலை கைக்கு வந்த 60 நாளுக்குள் பணம் கொடுக்கவும் கட்டாயப்படுத்துகிறது. நல்ல காரியம். தாளுக்கான விலையை அது ஏற்றவில்லை.

அதனால் புதிதாக வருகிறவருக்கு என் வாக்கு சம்பளத்துக்கே. சுயேச்சையை கெங்காவில் கை நின்ற பிறகு யோசிக்கலாம். டோகா வேலையில் பெரும்பகுதி இன்று சீனா, கொரியா, வியட்நாம் என்று போய்விடுகிறது. தாள் கணக்கில் கற்றுக்கொண்டு மேலேறும் முதல் படியே தேய்ந்துவருகிறது.

2019 ஜூலை 18 அன்று கியோட்டோ அனிமேஷன் ஸ்டூடியோவுக்கு ஒருவர் தீ வைத்ததில் 36 பேர் இறந்தார்கள். கிகாமியும், இயக்குநர் யசுஹிரோ தாகெமோதோவும் அவர்களில் இருவர். தாகெமோதோ இயக்கிவந்த தொடரின் இரண்டாம் பருவம் 2021-இல் வந்தது. அவருடைய நெடுங்காலச் சகா தட்சுயா இஷிஹாரா அதை எடுத்து முடித்தார். ‘தொடர் இயக்குநர்’ என்ற இடத்தில் தாகெமோதோவின் பெயர் இருந்தது.