பிரிக்பீல்ட்ஸ் கடைகளில் விற்கும் பற்பசைகள்: டப்பாவின் பின்பக்கம் பாருங்கள்

கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில், துன் சம்பந்தன் சாலைக் கடைகளில் மூலிகைப் பசை, பல்பொடி, கரி கலந்த கறுப்புப் பசை, கார்ட்டூன் படம் போட்ட பிள்ளைகள் பசை எல்லாம் பக்கத்துப் பக்கத்தில் இருக்கும். சொத்தையைத் தடுக்கத்தான் வாங்குகிறீர்கள் என்றால் மணம், நுரை, படம் எதையும் பார்க்க வேண்டாம். சொத்தையைத் தடுக்கும் ஃப்ளோரைட் எத்தனை பிபிஎம் (பத்து லட்சத்தில் எத்தனை பங்கு) என்பதை மட்டும் பாருங்கள்.

பெரியவர்களுக்கு 1450 பிபிஎம் பசைதான் எங்கள் முதல் தேர்வு. சில டப்பாக்களில் சதவீதம் மட்டும் இருக்கும். சோடியம் ஃப்ளோரைட் 0.32% அல்லது சோடியம் மோனோஃப்ளோரோபாஸ்பேட் 1.1% என்றால் அது ஏறக்குறைய 1450 பிபிஎம். அவையே முறையே 0.22%, 0.76% என்றால் 1000 பிபிஎம்.

பிள்ளைகள் பசையில்தான் அதிகம் ஏமாற வேண்டியிருக்கிறது. சிலவற்றில் 500 பிபிஎம், சிலவற்றில் ஃப்ளோரைட்டே கிடையாது. பால்பல்லுக்கும் குறைந்தது 1000 வேண்டும். விழுங்கிவிடுவார்களே என்ற பயம் நியாயமானது. அதற்கு அளவைக் குறைக்க வேண்டுமே தவிர பசையின் வீரியத்தை அல்ல. மூன்று வயது வரை ஓர் அரிசி மணி அளவு, மூன்றிலிருந்து ஆறு வரை பட்டாணி அளவு. பிரஷ்ஷில் பசை வைப்பது பெற்றோர் கையாகவே இருக்கட்டும்.

மூலிகைப் பசையில் கிராம்பும் வேம்பும் வாய்க்கு இதமாக இருக்கும். ஆனால் ஃப்ளோரைட் சேர்க்காத மூலிகைப் பசையைச் சொத்தைத் தடுப்புக்கு நாங்கள் பரிந்துரைக்க மாட்டோம். கரிப் பசையும் கொரகொரப்பான பல்பொடியும் பல்லின் கடினமான வெளி அடுக்கான எனாமலைத் தேய்க்கவும் கூடும்.

நல்ல பசை வாங்கியும் பலன் கிடைக்காமல் போவதற்குப் பெரும்பாலும் காரணம், துலக்கி முடித்ததும் தண்ணீர் விட்டு நன்றாகக் கொப்பளிப்பது. நுரையைத் துப்பினால் போதும். இரவு படுக்கும் முன் ஒரு தடவை, பகலில் ஒரு தடவை, இரண்டிரண்டு நிமிடம். இனிப்பு உள்ளே போனதும் பல் மேலுள்ள படலத்தின் பிஎச் (குறையக் குறைய அமிலம் அதிகம்) 5.5க்குக் கீழே இறங்கி எனாமல் கரையத் தொடங்கும். மீண்டு வர அரை மணி நேரம் போல ஆகும். இனிப்பான பால் தேநீரான தே தாரிக்கை ஒரே மூச்சில் குடித்து முடிப்பவரைவிட, காலை முழுக்க மேசையில் வைத்து உறிஞ்சுபவருக்கு ஆபத்து அதிகம்.

மலேசியாவில் ஃப்ளோரைட் சேர்க்கும் குழாய்த் தண்ணீரில் அதன் அளவு 0.5 பிபிஎம். ஆர்ஓ (எதிர் சவ்வூடு பரவல்) வடிகட்டி அதில் பெரும்பகுதியை நீக்கிவிடும். சாதாரண கரி வடிகட்டி அவ்வளவாகத் தொடாது. வீட்டில் ஆர்ஓ இருந்தால் பசைத் தேர்வில் இன்னும் கவனம் வேண்டும்.

பசையால் எது முடியாது என்பதும் தெரிந்திருக்க வேண்டும். ஈறு ஓரத்தில் பல்லைத் துடைத்துக் காயவைத்துப் பார்த்தால் சுண்ணாம்பு போல வெள்ளைத் திட்டு தெரிகிறதா? அந்தக் கட்டத்தில் திருப்பிவிடலாம். பல் டாக்டர் 22,600 பிபிஎம் ஃப்ளோரைட் வார்னிஷ் பூசுவார். ஆபத்து அதிகமுள்ளவர்களுக்கு 3 முதல் 6 மாதத்துக்கு ஒரு முறை. குழி விழுந்த பிறகு எந்தப் பசையும் அதை மூடாது, அடைக்கத்தான் வேண்டும். குளிர்ந்தது பட்டால் சில நொடி கூசி நின்றுவிடுவது ஒரு நிலை. வலி விடாமல் நீடித்தாலோ, இரவில் தானாகக் கிளம்பினாலோ சொத்தை பல்லுக்குள் நரம்பிருக்கும் பல்கூழ் வரை போயிருக்கக்கூடும். வேர் சிகிச்சை அல்லது பிடுங்குவதுதான் வழி. கிராம்புத் தைலம் வலியை மரக்கச் செய்யும், சொத்தை உள்ளே போய்க்கொண்டேதான் இருக்கும்.

ஆறு வயதில் பால்பல் வரிசைக்குப் பின்னால் முளைக்கும் கடைவாய்ப்பல் நிரந்தரப் பல். பால்பல் என்று நினைத்துப் பலர் விட்டுவிடுகிறார்கள். அதன் ஆழமான பள்ளங்களில் பிரஷ் நார் நுழையாது; பல் முளைத்ததும் கிளினிக்கில் பள்ளங்களை அடைக்கும் சீலண்ட் பூசச் சொல்லிக் கேளுங்கள்.