கழுவிய பெயின்ட் பிரஷ்ஷை நிற்க வைப்பதா, படுக்க வைப்பதா, தொங்க விடுவதா?

முடி மேலே, கைப்பிடி கீழே என்று குவளையில் போட்டு வைப்பதுதான் பலருடைய வழக்கம். காய்ந்த பிரஷ்ஷுக்கு அது சரி. ஈர பிரஷ்ஷுக்கு அதுதான் வினை.

முடியில் தங்கிய நீர் நேராக உலோகக் கழுத்துக்குள் இறங்கும். முடியின் வேர்கள் அங்கேதான் பசையால் ஒட்டப்பட்டிருக்கின்றன. கைப்பிடியின் மர நுனியும் அங்கேதான் செருகப்பட்டிருக்கிறது. மரம் நீர் குடித்து உப்பும், காய்ந்ததும் சுருங்கும். இதே கதை திரும்பத் திரும்ப நடந்தால் கழுத்து ஆடத் தொடங்கும். கழுத்துக்குச் சற்றுக் கீழே கைப்பிடியின் வார்னிஷ் வெடித்து உரிவது முதல் அறிகுறி. அரைகுறையாகக் கழுவியிருந்தால் இன்னொரு கெடுதலும் சேரும்: மிச்ச வண்ணம் நீரோடு வேருக்கு இறங்கி இறுகிவிடும், முனை விரிந்துபோகும். அக்ரிலிக்கில் இது பெரிய தொல்லை. காய்ந்தபின் அது நீரில் கரையாது.

படுக்க வைப்பது இதைவிட எவ்வளவோ மேல். மடித்த துணியின்மேல் வைக்கலாம், ஆனால் முடி துணியில் படக்கூடாது. பட்டால் மெல்லிய உருண்டை பிரஷ்ஷின் ஒரு பக்கம் தட்டையாகிவிடும். மேசை விளிம்புக்கு வெளியே முடி மட்டும் நீட்டிக்கொண்டிருக்கட்டும். கைப்பிடியின் பின்முனைக்கடியில் ஒரு பென்சிலை வைத்தால் முடிப் பக்கம் லேசாகத் தாழும். நீர் கழுத்தை விட்டு விலகும். வாட்டர்கலர் பிரஷ்களுக்கு இது போதும்.

தொங்கவிடுவதில் நீர் முழுக்க முனைக்கு வந்து சொட்டிவிடும். அடர்த்தியான ஆயில் பிரஷ், சுவருக்கு அடிக்கும் அகலப் பட்டை பிரஷ் இரண்டுக்கும் என் ஓட்டு இதற்குத்தான். கிளிப்பைக் கைப்பிடியில் மாட்டுங்கள், முடியில் அல்ல. முனை எதிலும் இடிக்கக்கூடாது. இடம் அடைக்கும் என்பதுதான் ஒரே குறை.

மூன்றில் எதுவானாலும் பிழியாமல் வைத்தால் பலனில்லை. துணியில் சுற்றிக் கழுத்திலிருந்து முனை நோக்கி அழுத்தி இழுங்கள், பிறகு விரலால் வடிவம் பிடியுங்கள். அதற்குமுன் சோப்பு நுரையைக் கழுத்தோரம் அழுத்திப் பாருங்கள். நுரையில் நிறம் தெரிந்தால் இன்னும் கழுவ வேண்டும். ஆயில் வண்ணமென்றால் முதலில் துணியால் துடைத்து, டர்பென்டைனில் அலசி, அதன்பிறகே சோப்பு. (ஆயில் வண்ணத்திலுள்ள ஆளி எண்ணெய் படிந்த அந்தத் துணியைச் சுருட்டிப் போடாதீர்கள், தானாகச் சூடேறித் தீப்பிடிக்கக்கூடும். விரித்துக் காயவிடுங்கள்.)

அவசரத்துக்கு ஹேர் டிரையர்? வேண்டாம். சூடு பசையை இளக்கும், இயற்கை முடியை மொறமொறப்பாக்கும். கழுவவும் வெதுவெதுப்பான நீருக்கு மேல் தேவையில்லை. ஒரே விலக்கு உண்டு: முனை வளைந்த நைலான் பிரஷ். கொதி அடங்கிய நீரில் முனையை மட்டும் சில நொடி நனைத்து வடிவம் பிடித்தால் பெரும்பாலும் நேராகும்.

தொட்டால் கழுத்தோரமும் ஈரமில்லை என்றான பிறகு குவளையில் நிற்க வைக்கலாம். ஈரத்தோடு மூடிய பெட்டிக்குள் போட்டால் பூஞ்சை பிடிக்கும். வாங்கும்போது முனையில் வரும் பிளாஸ்டிக் குழாயைத் திரும்ப மாட்ட முயல வேண்டாம். ஓரத்து முடிகள் மடங்கிக்கொள்ளும்.