குழியில் நெளிந்த ரிம்: நகராட்சியில் மனுவா, கோர்ட்டில் வழக்கா?

தென்னாப்பிரிக்காவின் டர்பனில் மழைத் தண்ணீர் மூடிய சாலைக்குழியில் கார் இறங்கி டயர் வெடித்தால் நமக்கு இரண்டு வழிகள். நகராட்சியிடமே இழப்பீடு கேட்டு மனுப் போடலாம். செலவு குறைவு, ஆனால் தீர்மானிப்பதும் அவர்களே.

வழக்கு என்றால், அரசு அமைப்புகள் மீது வழக்குத் தொடுப்பது பற்றிய 2002ஆம் ஆண்டின் 40ஆம் சட்டப்படி 6 மாதத்துக்குள் நகராட்சிக்கு எழுத்தில் நோட்டீஸ் தர வேண்டும். பொதுவாக அதன்பின் 30 நாள் கழித்தே சம்மன். 2 லட்சம் ரேண்ட் வரை மாவட்ட மாஜிஸ்திரேட் நீதிமன்றம் விசாரிக்கும். அலட்சியத்தை நிரூபிப்பது நம் பொறுப்பு. வக்கீல் செலவும் கனக்கும். (நெளிந்த ரிம்மைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள், அதுதான் சாட்சி.)

என்னைக் கேட்டால், ஒரு டயருக்கு மனுவே போதும்; கை கால் முறிந்தால் வழக்குதான். எதுவானாலும் மனுவோடு நோட்டீஸையும் அனுப்பிவிடுங்கள். அவர்கள் பதில் வரும்வரை அந்த 6 மாதம் நமக்காக நிற்காது.