தவணை மாறாது என்றார்கள், மாறியது கடன் முடியும் தேதி

மாறும் வட்டியில் வீட்டுக் கடன் வாங்கிக் கட்டிக்கொண்டிருப்பவர்கள் இதைப் படித்துவிட்டு உங்கள் கடன் கணக்கின் ஸ்டேட்மென்ட்டை ஒருமுறை எடுத்துப் பாருங்கள். மாதத் தவணையைப் பார்க்க வேண்டாம். இன்னும் எத்தனை தவணைகள் பாக்கி என்று பாருங்கள். கடன் வாங்கும்போது சொன்ன மொத்த மாதங்களில் இதுவரை கட்டிய மாதங்களைக் கழித்தால் என்ன வருமோ, அதுதான் அங்கே இருக்க வேண்டும். எங்கள் கணக்கில் அப்படி இல்லை. ஒரு மாதம்கூடத் தவறாமல் பல வருடம் கட்டிய பிறகு, முதல் நாள் இருந்ததைவிட அதிகத் தவணைகள் பாக்கி என்று காட்டியது.

கடன் வாங்கியபோது அந்த நிறுவனத்தின் அதிகாரி சொன்னது எனக்கும் என் கணவருக்கும் நன்றாக நினைவிருக்கிறது. "மேடம், வட்டி ஏறிடுமேன்னு நீங்க கவலையே பட வேண்டாம். உங்க தவணைத் தொகை மாறவே மாறாது." அவர் சொன்னது பொய் இல்லை. நாங்களாகக் கேட்டு மாற்றும்வரை தவணைத் தொகை மாறவே இல்லை. ஆனால் வட்டி ஏறும்போது தவணையைத் தொடாமல் விட்டால் கடனின் காலம் நீண்டே ஆக வேண்டும். அதை அவர் சொல்லவில்லை. வட்டி ஏறிய ஒவ்வொரு முறையும் ஒரு குறுஞ்செய்தி வந்தது: வட்டி விகிதம் மாற்றப்பட்டுள்ளது, மாதத் தவணையில் மாற்றம் இல்லை. காலம் நீட்டப்பட்டது என்ற வரி எந்தச் செய்தியிலும் கிடையாது. எங்களிடம் யாரும் சம்மதம் கேட்கவும் இல்லை.

இது எவ்வளவு பெரிய விஷயம் என்பது கணக்குப் போட்டால்தான் தெரியும். எல்லோரும் தங்கள் தொகைக்கு மாற்றிப் பார்க்க வசதியாக 10 லட்சம் கடன், 9 சதவீதம் வட்டி, 20 வருடம் என்று வைத்துக்கொள்வோம். மாதத் தவணை 8,997. மொத்தம் 240 தவணைகள். கடைசியில் கட்டி முடித்திருக்கும் தொகை 21 லட்சத்து 59 ஆயிரம். அதாவது வாங்கிய 10 லட்சத்துக்கு வட்டி மட்டும் 11 லட்சத்து 59 ஆயிரம். வட்டி ஏறவே இல்லை என்றாலும் இதுதான் கணக்கு. நாங்கள் கையெழுத்துப் போட்ட காகிதங்களில் தவணைத் தொகை பெரிய எழுத்தில் பல இடங்களில் இருந்தது. இந்த மொத்தத் தொகை ஒரு இடத்திலும் இல்லை.

முதல் மாதம் கட்டும் 8,997இல் 7,500 வட்டிக்கே போய்விடுகிறது. அசலில் கழிவது 1,497 மட்டும். ஒவ்வொரு மாதமும் மீதி அசலுக்குத்தான் வட்டி, அதனால் ஆரம்பத்தில் வட்டி அதிகமாகவும் அசல் குறைவாகவும் கழியும். இதில் மோசடி எதுவும் இல்லை, எல்லா ஊரிலும் கடன் கணக்கு இப்படித்தான். ஆனால் கடன் வாங்குகிறவருக்கு இதை யாரும் உட்கார வைத்துச் சொல்வதில்லை. 5 வருடத்தில் 5 லட்சத்து 40 ஆயிரம் கட்டியிருப்பீர்கள், அசல் 1 லட்சத்து 13 ஆயிரம்தான் குறைந்திருக்கும். பாதிக் காலம், அதாவது 10 வருடம் முடிந்த பிறகும் 7 லட்சத்து 10 ஆயிரம் பாக்கி இருக்கும். தவணையில் வட்டியைவிட அசலுக்குப் போகும் பங்கு கூடுவது 12 வருடம் தாண்டிய பிறகுதான்.

இப்போது எங்களுக்கு நடந்ததை இதே கணக்கில் பொருத்துகிறேன். 5 வருடம் கட்டியாகிவிட்டது, பாக்கி 8 லட்சத்து 87 ஆயிரம், மீதி 180 தவணைகள். அந்த நேரத்தில் வட்டி 9லிருந்து 11 சதவீதம் ஆகிறது. தவணை அதே 8,997தான். அப்போது மீதித் தவணைகள் 180 இல்லை, சுமார் 257. 5 வருடம் கட்டிய பிறகு, கடன் வாங்கிய அன்று இருந்த 240ஐவிட 17 தவணை அதிகம்! நான் ஸ்டேட்மென்ட்டில் பார்த்ததும் இதே மாதிரிதான். ஏதோ தட்டச்சுப் பிழை என்று நினைத்து போன் செய்தேன். "சிஸ்டம் தானாகப் போடுவது மேடம், தவணை ஏறினால் வாடிக்கையாளர்களுக்குச் சிரமமாக இருக்கும் என்றுதான் இப்படி வைத்திருக்கிறோம்" என்று பதில் வந்தது.

யாருக்குச் சிரமம் குறைந்தது என்று பாருங்கள். அந்த இடத்தில் காலத்தை நீட்டாமல் தவணையை ஏற்றியிருந்தால் 8,997 என்பது 10,082 ஆகியிருக்கும். மாதம் 1,085 கூடுதல். 180 மாதத்தில் எல்லாம் முடிந்திருக்கும். அதற்குப் பதில் காலத்தை நீட்டியதால் கட்ட வேண்டியது கிட்டத்தட்ட 4 லட்சத்து 93 ஆயிரம் அதிகம். 10 லட்சம் கடனில் ஏறக்குறைய பாதி! மாதம் 1,085 கூட்டிக் கட்ட முடியுமா என்று ஒரே ஒரு கேள்வி கேட்டிருந்தால் எங்கள் வீட்டில் யோசிக்காமல் சரி சொல்லியிருப்போம். கேட்கவில்லை. கேட்காமல் இருப்பதுதான் அவர்களுக்கு லாபம்.

இன்னும் மோசமான நிலையும் உண்டு. இந்த 10 லட்சம் கடனில், வாங்கிய புதிதிலேயே வட்டி 10.8 சதவீதத்துக்குப் போய்விட்டால் மாத வட்டி மட்டும் 9,000. தவணை 8,997. அதாவது முழுத் தவணையையும் கட்டினாலும் வட்டியே முழுதாக அடையாது, அசல் குறைவதற்குப் பதில் வளரும். 2008ஆம் ஆண்டு நெருக்கடிக்கு முன்பு அமெரிக்காவில் இப்படிக் கடன் வளரும்படியே தவணை வைத்த வீட்டுக் கடன்களை வெளிப்படையாகவே விற்றார்கள். குறைந்த தவணையைக் காட்டி வாங்க வைத்தார்கள், சில வருடங்களில் தவணை எகிறியபோது பலர் கட்ட முடியாமல் வீட்டை இழந்தார்கள்.

இதெல்லாம் தெரிந்துதான் பல நாடுகளில் விதிகள் வந்தன. அமெரிக்காவில் 1968லேயே கடனின் உண்மையான வருடாந்திரச் செலவை எழுத்தில் காட்ட வேண்டும் என்று சட்டம் போட்டார்கள். ஐரோப்பிய ஒன்றியம் 2014இல் வீட்டுக் கடனுக்கென்றே ஒரே மாதிரியான தகவல் படிவத்தைக் கட்டாயமாக்கியது. இந்தியாவில் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் ஒரு சுற்றறிக்கை அனுப்பியது. வட்டி மாற்றியமைக்கப்படும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சேர்த்துச் செய்வதா என்ற தேர்வைக் கடன் வாங்கியவருக்குக் கொடுக்க வேண்டும், காலத்தை நீட்டுவதால் கடன் வளர்ந்துவிடக் கூடாது என்கிறது அது. நீங்கள் எந்த நாட்டில் இருந்தாலும் இது மாதிரி ஒரு விதி இருக்கிறதா என்று தேடுங்கள். இருந்தால், அதைக் குறிப்பிட்டே கடிதம் எழுதுங்கள். "விதிப்படி கேட்கிறேன்" என்று எழுதினாலே பதிலின் தொனி மாறுவதை நான் நேரில் பார்த்தேன்.

ஸ்டேட்மென்ட்டைத் தோண்டத் தொடங்கியதும் அடுத்தது கண்ணில் பட்டது. கடன் தொகை நாங்கள் கேட்டதைவிடக் கொஞ்சம் கூடுதலாக இருந்தது. விசாரித்தால், கடனுக்கான ஆயுள் காப்பீட்டின் ஒரே தவணை பிரீமியத்தைக் கடனோடு சேர்த்துவிட்டார்களாம். காப்பீடு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை, சம்பாதிப்பவர் இறந்துபோனால் குடும்பம் தெருவுக்கு வராமல் இருக்க அது தேவை. ஆனால் பிரீமியத்தைக் கடனில் சேர்த்தால் அதற்கும் 20 வருடம் வட்டி. 40,000 பிரீமியத்தை 9 சதவீதத்தில் 20 வருடக் கடனில் சேர்த்தால் கடைசியில் கட்டுவது 86,000க்கு மேல். அதே அளவு காப்பீட்டைத் தனியாக, வருடா வருடம் கட்டும் டெர்ம் பாலிசியாக (குறிப்பிட்ட காலத்துக்குள் இறந்தால் மட்டும் பணம் தரும் காப்பீடு) எடுத்துக்கொள்ளலாமே என்று கேட்டோம். "அது இருந்தால்தான் லோன் சீக்கிரம் சாங்ஷன் ஆகும்னு அப்ப சொல்லியிருப்பாங்களே" என்றார் கவுன்டரில் இருந்தவர். ஆமாம், சொன்னார்கள். ஆனால் எழுத்தில் கொடுக்கவில்லை.

அப்புறம் வேறு நிறுவனத்துக்குக் கடனை மாற்றிவிடலாம் என்று பார்த்தோம். இங்கேதான் படிக்கிறவர்கள் மிகவும் கவனமாக இருக்க வேண்டும், ஏனென்றால் இந்தப் பேச்சு கேட்க அவ்வளவு நன்றாக இருக்கும். வட்டி ஒரு சதவீதம் குறைவு, தவணை கிட்டத்தட்ட 3,000 குறையும் என்றார்கள். அதே உதாரணத்தில் சொன்னால், 10 வருடம் கட்டிய பிறகு 7 லட்சத்து 10 ஆயிரம் பாக்கி, மீதி 10 வருடம், வட்டி 9. இங்கேயே இருந்து முடித்தால் இன்னும் கட்ட வேண்டியது 10 லட்சத்து 80 ஆயிரம். புதிய இடத்தில் 8 சதவீதத்துக்கு 20 வருடக் கடனாகப் போட்டால் தவணை 5,941. ஆனால் மொத்தம் கட்டுவது 14 லட்சத்து 26 ஆயிரம். வட்டி விகிதம் குறைந்தும் கூடுதலாகப் போவது ஏறக்குறைய மூன்றரை லட்சம், அதோடு பிராசசிங் கட்டணம், சட்டக் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம் எல்லாம் மறுபடி முதலிலிருந்து. மாற்றுவது தப்பில்லை. அதே 10 வருடத்துக்கோ அதற்கும் குறைவாகவோ போட்டுக் கொடுப்பார்களா என்று கேளுங்கள். அப்படிக் கொடுத்தால்தான் வட்டி குறைந்ததன் பலன் உங்களுக்கு. எங்களிடம் பேசிய புதிய நிறுவனத்தின் ஆள் அந்தக் கேள்விக்குப் பிறகு திரும்ப அழைக்கவே இல்லை.

நிரந்தர அசலுக்கு வட்டி போடும் கணக்கும் சில இடங்களில் இன்னும் இருக்கிறது. "வெறும் 5.5 சதவீதம்" என்பார்கள், அசல் குறையக் குறைய வட்டி குறையாது. 20 வருடத்துக்கு அது சாதாரணக் கணக்கில் சுமார் 8.6 சதவீதம். வட்டி எந்த முறையில் என்று கேட்காமல் விகிதத்தை ஒப்பிடாதீர்கள்.

பணத்தின் மதிப்பு வருடா வருடம் குறைகிறது, அதனால் கடன் நீண்டால் நல்லதுதானே என்று சிலர் சொல்வார்கள். எங்கள் கடன் அதிகாரியும் அதைத்தான் சொன்னார். தவணையில் மிச்சமாகும் பணத்தைக் கடன் வட்டியைவிட அதிக வருமானம் தரும் ஒன்றில் மாதம் தவறாமல் போடுகிறவர்களுக்கு அது சரியாக இருக்கலாம். மற்றவர்களுக்கு அந்த மிச்சம் வீட்டுச் செலவோடு கரைந்துவிடும், வட்டி மட்டும் நிற்கும். அதுவும், அப்படி முடிவெடுக்க வேண்டியவர் கடன் வாங்கியவர். கடன் கொடுத்தவர் நமக்குப் பதிலாக, நமக்குச் சொல்லாமல், அந்த முடிவை எடுக்கக் கூடாது.

கையில் கொஞ்சம் பணம் வந்தால் முன்கூட்டியே அசலில் கட்டுங்கள், அதுவும் ஆரம்ப வருடங்களில். மேலே சொன்ன 10 லட்சம் கடனில் முதல் வருட முடிவில் 1 லட்சம் கூடுதலாகக் கட்டினால் சுமார் 50 தவணைகள் குறையும், வட்டியில் மூன்றரை லட்சம் மிச்சம். ஆனால் கட்டும்போதே எழுத்தில் கொடுத்துவிட வேண்டும்: தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள் என்று. எழுதிக் கொடுக்காவிட்டால் சில இடங்களில் தவணையைக் குறைத்துவிட்டுக் காலத்தை அப்படியே வைத்துவிடுவார்கள், மிச்சத்தில் பெரும்பகுதி போய்விடும். முன்கூட்டிக் கட்டினால் அபராதம் உண்டா என்பதையும் ஒப்பந்தத்தில் பாருங்கள். மாறும் வட்டிக்கும் நிலையான வட்டிக்கும் இதில் விதி வேறாக இருக்கும்.

இப்போது கடன் வாங்கப் போகிறவர்கள் கையெழுத்துக்கு முன்பே முழுத் தவணை அட்டவணையைக் கேளுங்கள். முதல் மாதத்திலிருந்து கடைசி மாதம்வரை எவ்வளவு வட்டி, எவ்வளவு அசல், எவ்வளவு பாக்கி என்று வரிசையாக இருக்கும். கம்ப்யூட்டரில் ஒரு நிமிட வேலை அது. "அதெல்லாம் பிறகு அனுப்புறோம்" என்றால் அனுப்பிய பிறகு வருகிறோம் என்று எழுந்து வந்துவிடுங்கள். வட்டி இரண்டு சதவீதம் ஏறினால் தவணை எவ்வளவு ஆகும், காலம் எவ்வளவு ஆகும் என்று இரண்டையும் எழுதித் தரச் சொல்லுங்கள். ஏறினால் என்ன செய்ய வேண்டும் என்ற உங்கள் விருப்பத்தையும் அன்றே கடிதமாகக் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு முத்திரையோடு கையெழுத்து வாங்கிக்கொள்ளுங்கள்.

எங்கள் விஷயத்தில், எழுத்தில் கேட்ட பிறகு தவணையை ஏற்றி, கடனைப் பழைய முடிவுத் தேதிக்குக் கொண்டுவந்திருக்கிறார்கள். இடைப்பட்ட காலத்தில் அசலில் கழியாமல் வட்டிக்கே போன பணத்தைப் பற்றி "எதுவும் செய்ய இயலாது" என்று ஒரு வரியில் பதில் அனுப்பினார்கள். அதை ஏற்காமல் மேல்முறையீட்டு அமைப்பில் புகார் கொடுத்திருக்கிறோம். கூடவே அந்தக் குறுஞ்செய்திகள் எல்லாவற்றின் நகலையும் இணைத்திருக்கிறோம். உங்களுக்கு வந்தவற்றையும் அழிக்காமல் வைத்திருங்கள், காலம் நீட்டியதை உங்களிடம் சொல்லவே இல்லை என்பதற்கு அவைதான் ஆதாரம்.